எந்த யாக்கோபு, எந்தப் பிலிப்பு? – இயேசுவின் முதல் சீடர்கள் பற்றிக் கேள்வி பதில்

பெயர்களைப் பழைய திருப்புதல் வேதாகமத்தில் இருக்கிறபடியே எழுதுகிறேன். ஒவ்வொரு செய்தியும் எந்த ஏட்டிலிருந்து வருகிறது என்பதையும் கூடவே சொல்லிவிடுகிறேன். நற்செய்தி நூல்களில் இருப்பது வேறு, 150 ஆண்டு கழித்து எழுந்த, வேதாகமத்தில் சேராத 'பேதுரு நடபடிகள்', 'தோமா நடபடிகள்' போன்றவை வேறு. இரண்டையும் ஒரே சட்டியில் போட்டுக் கிண்டுவதால்தான் பாதிக் குழப்பம் வருகிறது.

கேள்வி: சீடர், அப்போஸ்தலர் இரண்டும் ஒன்றா? 12 பேரா, 70 பேரா?

ஒன்றல்ல. சீடர் என்பதற்கான கிரேக்கச் சொல்லுக்குக் 'கற்கிறவர்' என்று பொருள். அப்போஸ்தலர் என்றால் 'அனுப்பப்பட்டவர்'. லூக்கா 6:13-ஐப் பாருங்கள்: சீடர்கள் எல்லாரையும் கூப்பிட்டு, அவர்களில் 12 பேரைத் தெரிந்தெடுத்து, அவர்களுக்கு அப்போஸ்தலர் என்று பேரிடுகிறார். பன்னிருவர் சீடர்களில் ஒரு பகுதிதான். இஸ்ரவேலின் கோத்திரங்கள் 12 என்பதால் அந்த எண் (மத்தேயு 19:28). ஆனால் 'அப்போஸ்தலர்' என்ற சொல் பன்னிருவரோடு நிற்கவில்லை. பவுலும் பர்னபாவும் அப்படி அழைக்கப்படுகிறார்கள் (அப்போஸ்தலர் 14:14).

லூக்கா 10:1-இல் அனுப்பப்பட்டவர்கள் வேறு ஒரு கூட்டம். பழைய திருப்புதலில் 70, பொது மொழிபெயர்ப்பான திருவிவிலியத்தில் 72. அச்சுப் பிழை இல்லை. கிரேக்கக் கையெழுத்துப் படிகளே இரண்டு விதமாக இருக்கின்றன. வினாடி வினா நடத்துகிறவர்கள் இந்தக் கேள்வியைத் தவிர்ப்பது நல்லது. வைத்தால் சண்டை நிச்சயம்.

கேள்வி: ஞாயிறு பள்ளிப் பிள்ளைகளுக்குப் பன்னிரண்டு பெயரையும் மனப்பாடம் செய்ய வைக்க வேண்டும். நாலு இடத்தில் நாலு விதமாக வரிசை இருக்கிறதே, சார்?

மத்தேயு 10, மாற்கு 3, லூக்கா 6, அப்போஸ்தலர் 1 ஆகிய நான்கையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதிப் பாருங்கள். 1-ஆம் இடத்தில் எப்போதும் பேதுரு, 5-ஆம் இடத்தில் பிலிப்பு, 9-ஆம் இடத்தில் அல்பேயுவின் குமாரன் யாக்கோபு. இந்த மூவரையும் தலைமாணவர்களாக வைத்து நாலு நாலாகப் பிரியுங்கள். பேதுருவோடு அந்திரேயா, யாக்கோபு, யோவான். பிலிப்புவோடு பர்த்தொலொமேயு, தோமா, மத்தேயு. அல்பேயுவின் யாக்கோபோடு ததேயு, சீமோன், யூதாஸ்காரியோத்து. ஒவ்வொரு அணிக்குள்ளும் வரிசை மாறுமே தவிர, ஒரு அணியில் இருப்பவர் இன்னொரு அணிக்குத் தாவுவதே இல்லை.

பிள்ளைகள் தடுக்கி விழும் இடம் மூன்றாவது அணி. மத்தேயுவும் மாற்கும் 'ததேயு' என்கிற இடத்தில் லூக்கா 'யூதா' என்கிறார். ஒரே ஆளுக்கு இரண்டு பெயர் என்பதே மரபான விளக்கம். லூக்காவின் கிரேக்கத்தில் 'யாக்கோபின் யூதா' என்று மட்டும்தான் இருக்கிறது. பழைய திருப்புதல் 'சகோதரன்' என்ற சொல்லைச் சேர்த்தது, திருவிவிலியம் 'மகன்' என்றது. யூதர் வழக்கில் இப்படி வந்தால் பெரும்பாலும் மகன்தான்.

பர்த்தொலொமேயு உண்மையில் தகப்பன் பெயர்: 'பர்' என்றால் அரமேயத்தில் மகன், தல்மாயின் மகன். அவருடைய சொந்தப் பெயர் நாத்தான்வேல் என்பது பிற்காலத்தவர் போட்ட முடிச்சு. யோவான் நற்செய்தியில் பன்னிருவர் பட்டியலே கிடையாது. அதில் பிலிப்பு கூட்டிவரும் ஆள் நாத்தான்வேல், மற்ற பட்டியல்களில் பிலிப்புக்கு அடுத்து வருபவர் பர்த்தொலொமேயு. ஆதாரம் அவ்வளவுதான்.

கேள்வி: நான் தூத்துக்குடிக் கடற்கரைக்காரன். பேதுரு போட்டது வீச்சுவலையா, கரைவலையா? படகு எவ்வளவு பெரிசு?

இரண்டும் உண்டு. கிரேக்கத்தில் மூன்று தனித்தனிச் சொற்கள் வருகின்றன. தமிழில் எல்லாமே 'வலை' ஆகிவிட்டதால் தெரிவதில்லை. மத்தேயு 4:18-இல் பேதுருவும் அந்திரேயாவும் போடுவது வட்டமான வீச்சுவலை, ஓரத்தில் ஈயக்குண்டு கட்டியது. ஒற்றை ஆள் கரையோரத் தண்ணீரில் நின்று வீசலாம். மத்தேயு 13:47-இல் பரலோக ராஜ்யத்துக்கு உவமையாக வருவது பெரிய கரைவலை. இவர்கள் மீன்பிடித்த கலிலேயா ஏரியில் 20-ஆம் நூற்றாண்டின் தொடக்கம் வரை புழங்கிய கரைவலை சுமார் 250–300 மீட்டர் நீளம். இழுக்க ஒரு கூட்டமே வேண்டும். இழுத்தபின் உட்கார்ந்து நல்லதையும் ஆகாததையும் பிரிப்பதற்குக் காரணம் உண்டு: செதிலில்லாத கெளுத்தி இனத்தை யூதர் சாப்பிடக்கூடாது (லேவியராகமம் 11). ஏரியில் கெளுத்தி நிறைய.

லூக்கா 5-இல் இராமுழுதும் பாடுபட்டு ஒன்றும் கிடைக்காமல் காலையில் அலசுகிறார்களே, அந்த வலை எது? கிரேக்கச் சொல் பொதுவானதுதான். ஆனால் அந்த ஏரியிலேயே மீன்பிடித்து ஆராய்ந்த மெண்டல் நுன், அதை மூன்று அடுக்கு வலை என்றார். நம்ம ஊர் டிஸ்கோ வலை மாதிரி. அன்றைக்கு நைலான் கிடையாது, ஆளிச் செடியின் நாரில் நூற்ற லினன் நூல். பகலில் மீன் கண்ணுக்கு வலை தெரியும், அதனால் இராத்தொழில். அலசிக் காயவைக்காவிட்டால் நூல் மக்கிப்போகும், அதனால் காலையில் அலசல். அலசி முடித்த வலையைப் பட்டப்பகலில் மறுபடி ஆழத்தில் போடு என்று ஒரு தச்சர் சொன்னால் பேதுருவுக்கு எப்படி இருந்திருக்கும் என்று உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

படகு: 1986-இல் ஏரியின் நீர்மட்டம் இறங்கியபோது கினோசர் கரைச் சேற்றில் அந்தக் காலத்துப் படகு ஒன்றின் உடல் கிடைத்தது. நீளம் 8 மீட்டருக்குச் சற்று மேல், அகலம் 2.3 மீட்டர். தேவதாருப் பலகை, கருவாலி மர விலாச்சட்டம், ஒட்டுப்போட்ட இடங்களில் கைக்குக் கிடைத்த பலவகை மரத்துண்டு. துடுப்புக்கு நாலு பேர், சுக்கானுக்கு ஒருவர் போதும். நெருக்கி உட்கார்ந்தால் 15 பேர் வரை போகலாம். இது சீடர்களின் படகு என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம், அதே மாதிரிப் படகு. மாற்கு 4:38-இல் புயலின்போது இயேசு தூங்குகிற 'பின்னணியம்' என்பது பின்பக்கத் தட்டுப் பகுதி. அணியம் முன்னால் இருப்பது என்பது உங்களுக்குத் தெரியும்.

இன்னொன்று. இவர்கள் பரம ஏழைகள் என்று பிரசங்கத்தில் சொல்வது மிகை. யாக்கோபு, யோவான் இருவரின் தகப்பன் செபெதேயுவிடம் கூலியாட்கள் இருந்தார்கள் (மாற்கு 1:20). பேதுருவுக்கும் அவர்களுக்கும் கூட்டுத்தொழில் (லூக்கா 5:10).

கேள்வி: யாக்கோபு மொத்தம் எத்தனை பேர்? நிருபம் எழுதினது யார்?

முக்கியமாக மூவர்.

ஒருவர் செபெதேயுவின் மகன், யோவானின் அண்ணன் என்று கருதப்படுபவர். முதலாம் ஏரோது அகிரிப்பா இவரை வாளால் கொன்றான் (அப்போஸ்தலர் 12:2). அகிரிப்பா செத்தது கி.பி. 44, ஆகவே இது அதற்கு முன். சந்தியாகப்பர் என்று நம் கிராமங்களில் கோயில் இருப்பது இவருக்குத்தான்.

இரண்டாமவர் அல்பேயுவின் மகன். பட்டியலைத் தாண்டி இவரைப் பற்றி ஒரு வரியும் இல்லை.

மூன்றாமவர் 'கர்த்தருடைய சகோதரன்'. பன்னிருவரில் இல்லை, ஆனால் எருசலேம் சபையின் தலைவர். கலாத்தியர் 2:9-இல் தூண்கள் என்று பவுல் எண்ணும் மூவரில் முதலில் வருகிறவர். நிருபம் மரபுப்படி இவருடையது. யூத வரலாற்றாசிரியர் யோசேப்பு, ரோம ஆளுநர் பெஸ்து இறந்து அடுத்தவர் வந்து சேராத இடைவெளியில் பிரதான ஆசாரியன் அனனு இவரைக் கல்லெறிந்து கொல்ல வைத்தான் என்று எழுதுகிறார். ஆண்டு 62.

தவறு நடக்கும் இடம் அப்போஸ்தலர் 12. இரண்டாம் வசனத்தில் யாக்கோபு கொல்லப்படுகிறார். 17-ஆம் வசனத்தில் சிறையிலிருந்து தப்பிய பேதுரு 'யாக்கோபுக்கு அறிவியுங்கள்' என்கிறார். செத்தவருக்கு எப்படிச் சேதி சொல்ல? இது மூன்றாமவர்.

கத்தோலிக்க மரபு, ஜெரோம் வழியில், இரண்டாமவரையும் மூன்றாமவரையும் ஒருவராகவே பார்த்து வந்தது. 'சகோதரன்' என்பதை ஒன்றுவிட்ட சகோதரன் என்று கொள்ளும். அது மரியாளின் நித்திய கன்னிமை பற்றிய விவாதத்தோடு சேர்ந்தது, இங்கே அதில் இறங்கவில்லை.

கேள்வி: பிலிப்பு ஒருவர்தானே?

இல்லை. பெத்சாயிதா ஊர்க்காரர் அப்போஸ்தலன். பந்தி விசாரிக்கத் தெரிந்தெடுத்த எழுவரில் இரண்டாவதாக வருபவர் வேறு பிலிப்பு (அப்போஸ்தலர் 6:5). எத்தியோப்பிய மந்திரிக்கு ஞானஸ்நானம் கொடுத்தவர், செசரியாவில் தீர்க்கதரிசனம் சொல்லும் நாலு பெண்பிள்ளைகளோடு இருந்தவர், இரண்டாமவர். 2-ஆம் நூற்றாண்டு எழுத்தாளர்களே இருவரையும் கலந்துவிட்டார்கள், நீங்கள் கலப்பதில் வெட்கமில்லை.

கேள்வி: 'கானானியனாகிய சீமோன்' யூதனே இல்லையா?

யூதன்தான். அரமேயத்தில் 'கனான்' என்ற ஒலியுள்ள சொல்லுக்கு வைராக்கியம் உள்ளவன் என்று பொருள். கானான் தேசத்துக்கும் கானா ஊருக்கும் தொடர்பில்லை. லூக்கா அதையே கிரேக்கத்தில் 'செலோத்தே' என்று மொழிபெயர்த்துவிட்டார்.

கேள்வி: இராயப்பர், சின்னப்பர் என்று பாட்டி சொல்வார்கள். இந்தப் பெயர்கள் எங்கிருந்து வந்தன?

பழைய கத்தோலிக்க மொழிபெயர்ப்பாளர்கள் பெயரின் ஒலியை விட்டுப் பொருளைப் பிடித்தார்கள். பேதுரு என்றால் கல். 'ராயி' தெலுங்கில் கல், அதிலிருந்து இராயப்பர் என்பார்கள். பவுல் லத்தீனில் 'சிறியவன்', ஆகவே சின்னப்பர். யோவான் எபிரேயத்தில் 'யாவே அருளினார்', ஆகவே அருளப்பர். அந்திரேயாவின் கிரேக்க வேர் ஆண்மை, வீரம், பெலவேந்திரர் ஆனார். சந்தியாகப்பர் மட்டும் போர்த்துக்கீசிய 'சந்தியாகோ' அப்படியே ஒட்டிக்கொண்டது. அழகான வேலை, கைவிட்டது எனக்கு வருத்தமே.

கேள்வி: சவுல் மனம் திரும்பியதும் பவுல் என்று பெயர் மாற்றப்பட்டது சரியா?

சரியில்லை. தமஸ்கு வழியில் நடந்தது அப்போஸ்தலர் 9-இல். அதற்குப் பிறகும் 13:9 வரை சவுல் என்றே வருகிறது. அங்கேதான் 'பவுல் என்னப்பட்ட சவுல்'. வீட்டில் எபிரேயப் பெயர், வெளியில் ரோமப் பெயர், இரண்டும் முதலிலிருந்தே இருந்திருக்கும். பெயர் மாற்றியது பேதுருவுக்கு.

கேள்வி: யூதாசின் இடத்துக்கு வரவேண்டியவர் பவுல்தான், மத்தியாவை அவசரப்பட்டுத் தேர்ந்தார்கள் என்கிறார்களே?

தகுதி என்ன என்று அப்போஸ்தலர் 1:21–22 சொல்கிறது: யோவானின் ஞானஸ்நானம் முதல் இயேசு எடுத்துக்கொள்ளப்பட்ட நாள்வரை கூடவே இருந்தவராக வேண்டும். பவுல் அதில் தேற மாட்டார். யோசேப்பு, மத்தியா என்ற இருவர் தேறினார்கள், சீட்டு மத்தியாவுக்கு விழுந்தது. செபெதேயுவின் யாக்கோபு செத்தபோது யாரையும் நிரப்பவில்லை என்பதையும் கவனியுங்கள். காலியானது சாவினால் அல்ல, துரோகத்தினால்.

கேள்வி: மகதலேனா மரியாள் பாவியான ஸ்திரீ என்றே கேட்டு வளர்ந்தோம்.

நற்செய்தி எதிலும் அப்படி இல்லை. லூக்கா 7-இன் கடைசியில் பெயரில்லாத ஒரு பாவியான பெண் வருகிறாள். அடுத்த அதிகாரத்தின் தொடக்கத்தில், ஏழு பிசாசு நீங்கின மகதலேனா மரியாள் வருகிறாள். பக்கத்துப் பக்கத்தில் இருந்ததுதான் வினை. பெத்தானியா மரியாளையும் சேர்த்து மூவரையும் ஒருத்தியாக்கிப் பிரசங்கித்தவர் போப் முதலாம் கிரகோரி, 591 வாக்கில். கிழக்குச் சபைகள் அந்தக் கலப்பை ஏற்கவே இல்லை. 1969-இல் கத்தோலிக்க நாட்காட்டியும் பிரித்துவிட்டது. 2016-இல் அப்போஸ்தலர்களுக்கு உரிய 'விழா' நிலைக்கு ஜூலை 22 உயர்ந்தது.

லூக்கா 8:3-ஐயும் விடாதீர்கள். தங்கள் ஆஸ்தியால் ஊழியம் செய்த பெண்களில் ஒருத்தி யோவன்னாள், ஏரோது அந்திப்பாவின் காரியக்காரன் கூசாவின் மனைவி. யோவான்ஸ்நானன் தலையை வெட்டிய அதே ஏரோதின் அரண்மனைச் சம்பளம், இந்த வழியாகச் சீடர்களின் சாப்பாட்டுக்கு வந்திருக்கிறது. பணப்பையை வைத்திருந்தவன் யூதாஸ் (யோவான் 12:6).

கேள்வி: யோவான் தவிர எல்லாருமே இரத்தசாட்சிகள்தானா? ஆதாரம் உண்டா?

புதிய ஏற்பாட்டில் பதிவான அப்போஸ்தலர் கொலை ஒன்றே ஒன்று: செபெதேயுவின் யாக்கோபு. பேதுருவின் சாவை யோவான் 21:18–19 குறிப்பால் சொல்கிறது. 1-ஆம் நூற்றாண்டின் கடைசியில் ரோமிலிருந்து கிளெமெந்து எழுதிய கடிதம் பேதுரு, பவுல் இருவரின் பாடுகளையும் சொல்கிறது. இவை வலுவானவை. தலைகீழாகச் சிலுவையில் அறைந்தது 2-ஆம் நூற்றாண்டின் 'பேதுரு நடபடிகள்' என்ற நூலில் வருவது. அந்திரேயாவின் பெருக்கல் குறி வடிவச் சிலுவை இன்னும் பிந்தியது. பர்த்தொலொமேயுவைத் தோலுரித்தது, சீமோனை இரம்பத்தால் அறுத்தது எல்லாம் பிற்கால மரபு; அவற்றைச் சொல்லும்போது 'மரபுப்படி' என்ற ஒரு சொல்லைச் சேர்த்தால் போதும்.

கேள்வி: தோமா மயிலாப்பூருக்கு வந்தாரா, இல்லையா? ஒரே வார்த்தையில் சொல்லுங்கள் ஐயா.

ஒரே வார்த்தையில் முடியாது. ஏடுகளை வரிசையில் வைக்கிறேன்.

சிரியாக் மொழியில், எதெசா நகரச் சூழலில், 3-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுந்தது 'தோமா நடபடிகள்'. அதில் தோமா அரண்மனை கட்டும் தச்சராக விற்கப்பட்டு, குண்டபர் என்ற இந்திய அரசனிடம் வருகிறார். வெறும் கட்டுக்கதை என்று தள்ளியிருந்தார்கள். 19-ஆம் நூற்றாண்டில் அந்த அரசனின் நாணயங்கள் கிடைத்தன. 1-ஆம் நூற்றாண்டு இந்தோ-பார்த்திய அரசன். ஆனால் அவன் ஆண்டது காந்தாரம், தட்சசீலம் பக்கம், மயிலாப்பூர் அல்ல. அதே நூலில் தோமா ஒரு மலையில் ஈட்டியால் குத்தப்பட்டுச் சாகிறார், வேறோர் அரசனின் நாட்டில். ஊர்ப் பெயர் இல்லை. 4-ஆம் நூற்றாண்டில் சிரியாக் கவிஞர் எப்ரேம் பாடிய பாடல்களில் எலும்புகள் இந்தியாவிலிருந்து எதெசாவுக்கு வந்தன என்று வருகிறது. ஜூலை 3 திருநாள் அந்த இடமாற்றத்தின் நினைவு.

கி.பி. 52-இல் கொடுங்கல்லூர், 72-இல் மயிலாப்பூர் என்ற ஆண்டுக்கணக்கு கேரளத்துத் தோமா கிறிஸ்தவர்களான நசுராணிகளின் மரபு. கடல்வழி இருந்தது, முசிறிக்கு ரோமக் கப்பல்கள் வந்தன. வந்திருக்க முடியும் என்பதில் தடையில்லை. மயிலாப்பூர்க் கல்லறையை 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் மார்க்கோ போலோ குறிக்கிறார். பரங்கிமலையில் 1547-இல் கிடைத்த பஹ்லவி எழுத்துச் சிலுவை, பாரசீகத் தொடர்புள்ள கிறிஸ்தவர்கள் இங்கே பழங்காலத்தில் இருந்ததற்குச் சான்று. அதன் எழுத்து தோமாவின் காலத்துக்குப் பல நூற்றாண்டு பிந்தியது, ஆகவே அதைக் காட்டி தோமா செதுக்கினார் என்று வாதிடாதீர்கள்.

கேள்வி: கடைசி இராப்போஜன நாடகம் போடுகிறோம். நீள மேசை, 13 நாற்காலி. சரிதானே?

நாற்காலியை எடுத்துவிடுங்கள். யோவான் 13:23–25-இல் ஒரு சீடர் இயேசுவின் மார்பில் சாய்ந்திருக்கிறார். இடது முழங்கையை ஊன்றிப் பக்கவாட்டில் படுத்து, வலது கையால் சாப்பிடும் முறை அது. அப்படிப் படுத்தால் முன்னால் இருப்பவர் தலையைப் பின்னுக்குச் சாய்த்தாலே அடுத்தவர் மார்பில் படும். நாற்காலியில் உட்கார்ந்து அதைச் செய்து பாருங்கள், கழுத்து சுளுக்கும். தரையில் பாயும் திண்டும், உயரம் குறைந்த பலகைகளும் போதும். கால்கள் வெளிப்பக்கம் நீண்டிருக்கும், அதனால் கால் கழுவும் காட்சியில் இயேசுவாக நடிப்பவர் யாரையும் எழுப்பாமல் பின்பக்கமாகவே சுற்றி வரலாம். பேதுருவுக்கு வெள்ளைத் தாடி ஒட்ட வேண்டாம்; அவர் மாமியார் அப்போது உயிரோடு இருந்தார்.