ஆறிய புண்

அன்புள்ள ஐயா,

பத்தாம் வகுப்பு ரிசல்ட் வந்த அன்று, அண்ணனின் மார்க்கைச் சொல்லிச் சொல்லி அப்பா என்னைத் தெருவில் வைத்து அடித்தார். இப்போது எனக்கு 38 வயது. மூன்று வேலைகளை விட்டதற்கும் யாரோடும் ஒட்ட முடியாததற்கும் அந்த நாள்தான் காரணம். ஆறிவிட்டது என்று நினைக்கும்போதெல்லாம் மறுபடி வலிக்கிறது. அவருக்கோ அது நினைவிலேயே இல்லை. நான் அவரை மன்னிக்க வேண்டுமா?

கே., திண்டுக்கல்

அன்புள்ள கே.,

பதினைந்து வயதுப் பையனைத் தெருவில் அடித்தது தவறு. அதில் மறுபேச்சே இல்லை. மன்னிப்பதை அப்புறம் பார்க்கலாம், அவசரமில்லை. ‘ஆறிவிட்டது என்று நினைக்கும்போதெல்லாம்’ என்ற வரிதான் என்னைப் பிடித்துக்கொண்டது. சில நாட்களாக நானும் இதையேதான் யோசித்துக்கொண்டிருந்தேன்.

1740இல் ஜார்ஜ் ஆன்சன் தலைமையில் இங்கிலாந்திலிருந்து போர்க்கப்பல்கள் கிளம்பின. வழியில் மாலுமிகளுக்கு ஸ்கர்வி நோய் கண்டது. அவர்களில் ஒரு முதியவர், 1690இல் அயர்லாந்தில் நடந்த பாய்ன் போரில் காயம்பட்டவர். ஐம்பது வருடத்துக்கு முன் ஆறிய புண் கப்பலில் மறுபடி வாய் பிளந்தது. தழும்பை நாம் பூசிக் காய்ந்த சிமெண்ட் போல நினைக்கிறோம். அதிலுள்ள கொலாஜன் என்ற புரதம் கரைந்துகொண்டே இருக்கும், உடம்பும் அதைப் புதிதாக நெய்துகொண்டே இருக்கும். அந்த நெசவுக்கு வைட்டமின் சி வேண்டும். அது கிடைக்காமல் வருவதுதான் ஸ்கர்வி; அப்போது பழைய புண்ணும் திறந்துகொள்ளும்.

அதனால் மறுபடி வலிப்பது உங்கள் தோல்வி இல்லை, தம்பி. ஆனால் 23 வருடமாக அப்பா வாயிலிருந்து ஒரு வார்த்தை வரும் என்று உட்கார்ந்திருக்கிறீர்களே, அதுதான் எனக்குக் கோபம். புண் உங்கள் உடம்பில். நெய்கிற நூல் அவரிடமா இருக்கிறது? முதல் வேலை போனதற்கு அந்த நாள் காரணமாக இருக்கலாம். மூன்றாவதுக்குமா?

என் அத்தையைக் கணவர் ஆறே மாதத்தில் விட்டுவிட்டுப் போனார். சொந்தத்தில் யார் வீட்டுக் கல்யாணத்திலும் ஆரத்தி எடுக்க அத்தையைக் கூப்பிட மாட்டார்கள். பத்திரிகை வந்தால் இரண்டு நாள் யாரோடும் பேச மாட்டார். தையல் மிஷின் துணி போர்த்திக் கிடக்கும். மூன்றாம் நாள் காலை நாங்கள் பள்ளிக்குக் கிளம்பும்போது திண்ணையில் மிதிக்கிற சத்தம் கேட்கும். உதட்டில் குண்டூசிகளைக் கடித்தபடி யாருடைய ஜாக்கெட்டுக்கோ கை வைத்துக்கொண்டிருப்பார். அந்த மனிதர் கடைசிவரை ஒரு வரிகூட எழுதவில்லை.

என் கல்யாணப் பத்திரிகையைக் கொடுத்தபோதும் அத்தை இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள், சட்டைக்கு அளவெடுக்க என்னைக் கூப்பிட்டார்.