பாலையா வில்லனா, காமெடியனா? (வாசகர் கேள்வி பதில்)

கேள்வி: டிவியில 'காதலிக்க நேரமில்லை' போட்டாங்க, நாகேஷ் பேய்க்கதை சொல்ல டி.எஸ்.பாலையா நடுங்குற சீன்ல வீடே விழுந்து விழுந்து சிரிச்சுது. தாத்தா மட்டும் "அவன் பெரிய வில்லன்டா, பார்த்தாலே பத்திக்கிட்டு வரும்"னு சொல்றாரு. ரெண்டும் ஒரே ஆளா? (பாலிடெக்னிக் மாணவர், ஈசூன்)

பதில்: ஒரே ஆள்தான் தம்பி, தாத்தா சொல்றதுதான் முதல் பாதி. 1936-ல வந்த 'சதி லீலாவதி'தான் பாலையாவுக்கு முதல் படம், தமிழே தெரியாத அமெரிக்கர் எல்லிஸ் ஆர். டங்கன் டைரக்ட் பண்ணது. கூடவே இருந்து ஹீரோ எம்.கே.ராதாவைக் குடிக்கப் பழக்கி குடும்பத்தையே நாசம் பண்ற நண்பன் வேஷம், கடைசில ஹீரோ சிலோன் தேயிலைத் தோட்டத்துக்கு ஓடிப்போய் கூலி வேலை பார்க்குற நெலமை. மறுவருஷம் 'அம்பிகாபதி', அதுல எம்.கே.தியாகராஜ பாகவதரோட கத்திச்சண்டை. பாகவதரை சாமி மாதிரி கும்பிட்ட காலம் அது, அவர் மேலயே கத்திய தூக்குனா ஜனங்க சும்மா விடுவாங்களா, தாத்தாவுக்கு எரிச்சல் வந்ததுல என்ன தப்பு!

இன்னொண்ணு கவனிக்கணும். அப்போ பின்னணிப் பாட்டு வரல, ஹீரோன்னா அவனே பாடணும், படத்துக்கு முப்பது நாப்பது பாட்டு சர்வசாதாரணம், குரல் இல்லாதவனுக்கு ஹீரோ வேஷம் கனவுலயும் கெடைக்காது. பாலையா பொழச்சது வசனத்துல. பாட்டுக்கும் பாட்டுக்கும் நடுவுல கதைய நகர்த்துறதே வில்லன்தானே. அப்புறம் காத்து திசை மாறி, 1949-ல அண்ணா எழுதின 'வேலைக்காரி' மாதிரி படங்கள் வந்து ஜனங்க வசனம் கேக்கவே டிக்கெட் வாங்குனப்போ, பாடகர் ஹீரோக்கள் பாடு திண்டாட்டம், இவரு ஜம்முனு உக்காந்துட்டாரு. அதுல இவரு வில்லன் கூட இல்ல, கத்திய தீட்டுற ஹீரோ கே.ஆர்.ராமசாமிகிட்ட புத்திய தீட்டச் சொல்ற நண்பன் மணி. 1954 'தூக்குத் தூக்கி'யில கொச்சைத் தமிழ் பேசுற வடநாட்டு சேட்டு. வில்லத்தனம் காமெடியா கனிஞ்சது அங்கதான்னு நான் சொல்லுவேன்.

அந்தப் பேய்க்கதை சீன மறுபடி பாருங்க, பேசுறது பூரா நாகேஷ், இவரு கண்ண உருட்டுறாரு, எச்சில் முழுங்குறாரு, அவ்ளோதான். வசனத்துலயே வாழ்ந்த மனுஷன் வசனமே இல்லாம ஜெயிச்ச சீன், எனக்கென்னவோ நாகேஷ விட இவருக்குத்தான் கூட மார்க்.

கேள்வி: 'திருவிளையாடல்'ல பாலையா ஹேமநாத பாகவதரா வர்ற பாட்டு அவரே பாடுனதா? (இல்லத்தரசி, உட்லண்ட்ஸ்)

பதில்: இல்லக்கா, குரல் பாலமுரளிகிருஷ்ணா. ஆனா அந்தத் தலைக்கனமும் கையாட்டமும் முழுக்க பாலையா சரக்கு. பாட்டு தெரிஞ்சவனே ராஜாவா இருந்த காலத்துல நுழைஞ்சவரு, 1965-ல சங்கீத வித்வானாவே வந்து நிக்குறாரு பாருங்க.

கேள்வி: எம்ஜிஆருக்கு சீனியரா இவரு? (டாக்ஸி ஓட்டுநர், அங் மோ கியோ)

பதில்: சீனியர் ஜூனியர்லாம் இல்லண்ணே, ரெண்டு பேருக்கும் முதல் படம் அதே 'சதி லீலாவதி'. ஆனா எம்ஜிஆருக்கு அதுல இன்ஸ்பெக்டரா சின்ன வேஷம், பாலையாவுக்கு பெரிய வேஷம். எம்ஜிஆர் ஹீரோவாக 1947 'ராஜகுமாரி' வரைக்கும் ஆச்சு, அதுலயும் பாலையா இருக்காரு, 1956 'மதுரை வீரன்'லயும் இருக்காரு. 1972-ல காலமாகுற வரைக்கும் வேஷத்துக்குப் பஞ்சமே வரல.