8 ஆண்டு உண்மை அனுபவம் இருக்க, பொய் அனுபவம் எதற்கு?

கேள்வி: சென்னையில் ஒரு தமிழ்ச் செய்தித் தொலைக்காட்சியில் 8 ஆண்டுகளாகத் துணை ஆசிரியராக இருக்கிறேன். இதழியல் முதுகலை படித்தவள். மென்பொருள் நிறுவனத்துக்கு மாற விரும்புகிறேன். ஒன்றரை லட்சம் ரூபாய் கட்டினால் 3 மாதப் பயிற்சியும், சாஃப்ட்வேர் டெஸ்டிங்கில் 4 ஆண்டு அனுபவச் சான்றிதழும் தந்து, வேலையும் வாங்கித் தருவதாக ஒரு கன்சல்டன்சி சொல்கிறது. என் அசல் பட்டச் சான்றிதழ்கள் சேனலிடம் இருக்கின்றன. ராஜினாமா செய்தால் தர மறுப்பார்களோ என்று பயமாக இருக்கிறது. என்ன செய்வது?

பதில்: முதலில் அந்தக் கன்சல்டன்சிக்கு ஒரு ரூபாய்கூடக் கொடுக்காதீர்கள்.

மென்பொருள் நிறுவனங்கள் ஆளை எடுத்த பிறகும் பின்னணிச் சரிபார்ப்பு நடத்துகின்றன. உங்கள் வருங்கால வைப்பு நிதிக் கணக்கின் யூஏஎன் எண்ணைத் தட்டினால், எந்த மாதம் எந்த நிறுவனம் உங்களுக்காகப் பணம் கட்டியது என்று தெரிந்துவிடும். வருமான வரியின் 26ஏஎஸ் படிவத்தில் வரி பிடித்தவர் யார் என்பதும் இருக்கும். அதே 4 ஆண்டுகளில் நீங்கள் வேறொரு கம்பெனியில் டெஸ்டிங் செய்ததாக ஒரு காகிதம் சொன்னால் யார் நம்புவார்கள்? வேலை போவதோடு இது முடியாது. போலி ஆவணத்தை உண்மையென்று காட்டுவது பாரதிய நியாய சம்ஹிதை என்ற குற்றவியல் சட்டப்படி குற்றம். சான்றிதழ் விற்றவர் பெயர்ப்பலகையை மாற்றிக்கொண்டு அடுத்த தெருவில் கடை திறப்பார். வழக்கில் நிற்பது நீங்கள்தான். 'பின்வாசல் நியமனம்', 'லேப்டாப் டெபாசிட்', 'நூறு சதவீத வேலை உத்தரவாதம்' எல்லாம் ஒரே கூட்டத்தின் வெவ்வேறு வேடங்கள். நேர்மையான நிறுவனம் எதுவும் வேலைக்கு வருபவரிடம் பணம் கேட்பதில்லை. இணையம் வழியாக ஏற்கெனவே பணம் அனுப்பியிருந்தால், தாமதிக்காமல் 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழையுங்கள்.

டெஸ்டிங்தான் வேண்டும் என்று உங்களுக்கு யார் சொன்னது? செயலியின் திரையில் வரும் வாசகங்களை எழுதுவது, பயன்பாட்டுக் கையேடுகளைத் தயாரிப்பது, மென்பொருளைத் தமிழாக்குவது, வாடிக்கையாளருக்கான விளக்க வீடியோக்களுக்கு எழுத்தும் குரலும் தருவது என உங்கள் கைக்குப் பழகிய வேலைகள் அங்கே இருக்கின்றன. ஓடும் செய்தியில் பத்துச் சொல்லுக்குள் பிழையில்லாமல் விஷயத்தைச் சொன்னவருக்கு, 'பணம் செலுத்துவதில் தடங்கல்' என்ற அறிவிப்பைப் புரியும்படி எழுதத் தெரியும். ஆனால் அதை நீங்கள் செய்து காட்ட வேண்டும். மின்கட்டணம் கட்டும் இணையதளத்தையோ ரயில் முன்பதிவுச் செயலியையோ எடுத்து, குழப்பமான ஐந்து திரைகளை மாற்றி எழுதி, ஏன் மாற்றினீர்கள் என்று இரண்டிரண்டு வரி சேருங்கள். ஃபயர்ஃபாக்ஸ் உலாவியின் தமிழாக்கத்தில் தன்னார்வலராகப் பங்கெடுக்கலாம். அதற்கு மொசில்லாவின் பொன்டூன் தளம் திறந்தே இருக்கிறது. எழுத்தை எளிய குறிகளால் வடிவமைக்கும் மார்க்டவுன், கோப்புகளின் மாற்றங்களைப் பதிவு செய்யும் கிட் இரண்டையும் காசில்லாமல் கற்கலாம். உங்கள் சுயவிவரத்தில் 'புலட்டின் தயாரித்தேன்' என்று விட்டுவிடாதீர்கள். எத்தனை பேரை ஒருங்கிணைத்தீர்கள், நேரலை நடக்கும்போதே ரன்டவுனை, அதாவது செய்திகளின் வரிசைப் பட்டியலை, எப்படி மாற்றி அமைத்தீர்கள் என்று எழுதுங்கள்.

பட்டத்தின் பெயரைப் பார்த்தே விண்ணப்பத்தைத் தள்ளிவிடும் ஆட்சேர்ப்பு மென்பொருள்களை நினைத்தால் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. எழுதத் தெரிந்தவர் வேண்டும் என்று விளம்பரம் கொடுத்துவிட்டு, பொறியியல் படித்தாரா என்று சல்லடை போடுகிறார்கள். அதனால் தளத்தில் விண்ணப்பித்துவிட்டுக் காத்திருக்க வேண்டாம். கையேடுகள் எழுதும் ஆவணப் பிரிவின் தலைவருக்கே உங்கள் மாதிரிகளை அனுப்புங்கள்.

இனி சான்றிதழ். பட்டச் சான்றிதழ் விற்பனைப் பொருள் அல்ல, அதைப் பிணையாகப் பிடித்துவைக்க முடியாது என்று சென்னை உயர் நீதிமன்றமே சொல்லியிருக்கிறது. அப்படியிருந்தும் அதை அலமாரியில் பூட்டி வைக்கும் வழக்கம் ஒழியவில்லை. தொழிலாளர் துறையும் தானாக எட்டிப் பார்ப்பதில்லை. ராஜினாமா கொடுப்பதற்கு முன்பே, 'பாஸ்போர்ட்டுக்கு வேண்டும்', 'வங்கிக்கு வேண்டும்' என்று சாக்குத் தேடாமல், நேரடியாகவே எழுதிக் கேளுங்கள்.

ராஜினாமா செய்தாலும் உங்களுக்குப் பணிக்கொடை (கிராஜுவிட்டி) உண்டு. கடைசி அடிப்படைச் சம்பளத்தையும் அகவிலைப்படியையும் கூட்டி, 26ஆல் வகுத்து, 15ஆல் பெருக்கி, பணியாற்றிய ஆண்டுகளால் பெருக்குங்கள். அந்தக் கூட்டுத்தொகை 26,000 ரூபாய் என்றால், 8 ஆண்டுக்கு 1,20,000 ரூபாய். 30 நாளுக்குள் தர வேண்டும்.

இதில் ஒன்றை மட்டும் விரிவாகச் சொல்ல வேண்டும். செய்தி சேனல்களில் பலரை 'ஆலோசகர்' என்று ஒப்பந்தத்தில் வைத்திருக்கிறார்கள். வைப்பு நிதி பிடித்தம் இருக்காது. தொழில்முறைக் கட்டணம் என்று 10 சதவீத வரி மட்டும் பிடித்திருப்பார்கள். நீங்களும் அப்படியானால், 'ஊழியரே இல்லை, பணிக்கொடை எதற்கு' என்பார்கள். அதைக் கேட்டு எழுந்து வந்துவிடாதீர்கள். காகிதத்தில் என்ன பெயர் இருக்கிறது என்பதோடு நீதிமன்றங்கள் நின்றுவிடுவதில்லை. உங்கள் ஷிப்டை யார் முடிவு செய்தார், விடுப்பை யார் அனுமதித்தார், வேறு இடத்தில் வேலை செய்ய உங்களுக்குச் சுதந்திரம் இருந்ததா என்றும் பார்க்கிறார்கள். ஷிப்ட் பட்டியல், விடுப்புக் கடிதம், அடையாள அட்டை, நியமன ஒப்பந்தம் ஆகியவற்றின் நகல்கள் இப்போதே உங்கள் வீட்டில் இருக்கட்டும். நிறுவன மின்னஞ்சல், ராஜினாமா செய்த அன்றே முடக்கப்படலாம்.

நோட்டீஸ் காலத்தை முழுவதும் வேலை செய்து முடியுங்கள். குறைக்கச் சம்மதித்தால் அதை எழுத்தில் வாங்குங்கள். புதிய நிறுவனத்தின் நியமன ஆணை கைக்கு வந்த பிறகே ராஜினாமா. வைப்பு நிதி இருந்தால் எடுத்துச் செலவழிக்காமல் புதிய கணக்குக்கு மாற்றுங்கள். சான்றிதழ் கேட்கும் கடிதத்தை மட்டும் இந்த வாரமே மின்னஞ்சலிலும் ஸ்பீட் போஸ்ட்டிலும் அனுப்பி, ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். 15 நாளில் பதில் இல்லையென்றால் ஒரு வழக்கறிஞர் மூலம் நோட்டீஸ் அனுப்பலாம்.