கேள்வி நேரம்: ஆலாபனையில் ராகம் வரவில்லையே!

கேள்வி: மோகன ராகத்தில் ஆலாபனை (பாட்டு வரியும் தாளமும் இல்லாமல் ராகத்தை விரித்துப் பாடுவது) பாடினால் ஆரோகண அவரோகணம் (ஸ்வரங்களின் ஏறுவரிசை, இறங்குவரிசை) ஒப்பிப்பது போலவே இருக்கிறது. எப்படி மாற்றுவது?

பதில்: ஐந்து ஸ்வரங்களையும் ஒரே மூச்சில் பாடித் தீர்ப்பதுதான் கோளாறு. சுருதிப்பெட்டியைப் போட்டுக்கொண்டு பத்து நிமிடம் ச, ரி, க மூன்றில் மட்டும் அகாரத்தில் ('ஆ' என்று) பாடுங்கள். ஒவ்வொரு பிடியும் (சிறு ஸ்வரத் தொடரும்) காந்தாரத்தில் (க) நிற்கட்டும். நின்றதும் மூச்சு விடுங்கள். அந்த மௌனத்துக்குப் பயந்துதான் பலர் பிருகாவுக்கு (அதிவேக ஸ்வரக் கோவைக்கு) ஓடுகிறார்கள். அடுத்து அதே பிடியை, முடிவை மட்டும் மாற்றிப் பாடுங்கள்: 'சரிகா' என்றதை 'சரிகரீ' என்று. அது பழகிய பிறகே பஞ்சமம் (ப), தைவதம் (த).

புதிய பிடிகளுக்குப் பஞ்சமா? மோகனத்திலேயே அமைந்த 'நின்னுகோரி' வர்ணத்தை (பயிற்சி உருப்படியை) முதல் காலத்தில் (நிதான வேகத்தில்), ஸ்வரப் பெயர் சொல்லாமல் இழைத்துப் பாடுங்கள். ரிஷபத்தை (ரி) அசைக்காமல் வெறுமையாகப் பிடித்தால் ஆர்மோனியம் வாசித்தது போலிருக்கும். பாடியதைப் பதிவு செய்து கேளுங்கள். எல்லாப் பிடியும் ஒரே நீளமா என்பது உடனே தெரிந்துவிடும்.