22 வயதில் நரைக்கிறதே, காரணம் உப்புத் தண்ணியா, டென்ஷனா?

தாராபுரம் பக்கத்துத் தம்பி ஒருவர் கேட்டிருக்கிறார். வயது 22. கல்லூரி விடுதியில் சேர்ந்து போர் தண்ணியில் குளிக்க ஆரம்பித்த பிறகுதான் காதோரம் நரைத்ததாம். தண்ணியா, ஷாம்பூவா, பரீட்சை டென்ஷனா, எதை நிறுத்தினால் திரும்பக் கறுக்கும் என்பது கேள்வி.

நான் திருப்பூரில் ஒரு ரத்தப் பரிசோதனை நிலையத்தில் டெக்னீஷியன். டாக்டர் இல்லை. ஆனால் எனக்கே பிளஸ் டூ படிக்கும்போது நரைக்க ஆரம்பித்துவிட்டது. இப்போது எங்கள் லேபுக்கு "முடிக்காக டெஸ்ட் எழுதிக் கொடுத்தாருங்க" என்று சீட்டோடு வருகிற காலேஜ் பிள்ளைகளையும் பனியன் கம்பெனிப் பையன்களையும் தினமும் பார்க்கிறேன். அந்த அனுபவத்தில் சொல்கிறேன்.

தண்ணி காரணமில்லை. ஷாம்பூவும் இல்லை. முதலில் அப்பா, மாமா, அப்புச்சியெல்லாம் எந்த வயதில் நரைத்தார்கள் என்று வீட்டில் கேளுங்கள். அப்புறம் வைட்டமின் பி12, தைராய்டு, ஃபெரிட்டின் (உடம்பின் இரும்புச் சேமிப்பு) மூன்றையும் ரத்தப் பரிசோதனையில் ஒருமுறை பாருங்கள். இதற்கு முன்னால் எண்ணெய்க்குக் காசு செலவழிக்க வேண்டாம்.

நம் பக்கத்தில் எது நடந்தாலும் தண்ணி மேல் பழி போடுவது வழக்கம். காங்கேயம், வெள்ளகோவில், தாராபுரம் என்று வறண்ட காடாக இருக்கிற ஊர்களில் போர் தண்ணி எவ்வளவு உப்பு என்று எல்லோருக்கும் தெரியும். பக்கெட்டில் வெள்ளை படியும், சோப்பு நுரைக்காது, தலை குளித்தால் முடி நார் மாதிரி சிக்கிக்கொள்ளும். அதனால் முடி வறண்டு உடையலாம், நியாயம்தான். ஆனால் நரை வேறு விஷயம். தலைக்கு மேலே தெரிகிற முடி உயிரில்லாத பொருள். அதன் நிறம் தோலுக்கு அடியில், மயிர்க்காலின் குமிழில் முடிவாகிவிடுகிறது. அங்கே இருக்கிற மெலனோசைட் என்னும் செல்கள் மெலனின் என்னும் நிறமியைச் செய்து, வளர்கிற முடிக்குள் ஏற்றி அனுப்புகின்றன. அந்தச் செல்கள் ஓய்ந்துவிட்டால் முடி வெள்ளையாகவே முளைக்கும். மேலே ஊற்றுகிற தண்ணி அந்த ஆழத்துக்குப் போவதில்லை. உப்பில்லாத சிறுவாணித் தண்ணியிலேயே குளித்து வளர்ந்த கோயம்புத்தூர்ப் பிள்ளைகளும் இளநரையோடு சுற்றுகிறார்களே, அவர்கள் எதைக் குறை சொல்வது?

விடுதிக்குப் போன பிறகுதான் வந்தது என்கிறீர்கள். 18, 19 வயது என்பது குடும்ப வழி இளநரை தலைகாட்டுகிற வயதும்கூட. நம்மூர்ப் பிள்ளைகள் விடுதிக்குப் போவதும் அதே வயதில்தான். இரண்டும் ஒன்றாக வருவதால் ஒன்றால் மற்றொன்று வந்தது என்று தோன்றிவிடுகிறது. ஆசியர்களுக்கு 25 வயதுக்கு முன்னால் நரைத்தால்தான் இளநரை என்று தோல் மருத்துவர்கள் கணக்கு வைத்திருக்கிறார்கள். ஐரோப்பியர்களுக்கு அது 20, ஆப்பிரிக்கர்களுக்கு 30. அந்தக் கணக்கில் நீங்கள் வருகிறீர்கள். 28, 29 வயதில் நாலு முடி வெளுத்ததற்காக லேபுக்கு ஓடி வருகிறவர்களிடம், ரத்தம் எடுத்துக்கொண்டே இதைச் சொல்வேன். பாதிப் பேருக்கு அங்கேயே முகம் தெளிந்துவிடும்.

குடும்ப வழி என்பது சும்மா சமாதானத்துக்குச் சொல்கிற வார்த்தை இல்லை. 2016இல், லத்தீன் அமெரிக்காவில் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் மரபணுவை ஆராய்ந்த லண்டன் பல்கலைக்கழகக் கல்லூரிக் குழு, ஐஆர்எஃப்4 என்ற மரபணுவுக்கும் நரைக்கும் தொடர்பு இருப்பதைக் கண்டது. இந்த ஒரு மரபணுதான் எல்லாம் என்றில்லை, ஆனால் நரைக்கிற நேரம் பிறப்போடு ஓரளவு எழுதப்பட்டு வருகிறது என்பது உறுதி. எங்கள் வீட்டில் அப்பாரு, அப்பா, அத்தை மூவருக்கும் இருபதைத் தாண்டுவதற்குள் நரை. அப்பாவின் கல்யாண ஆல்பத்தைப் பார்த்தால் காதோரம் பளபளவென்று இருக்கும். ஆனால் அந்த ஆல்பத்தைக் காட்டாமல், "ஷாம்பூ போடறதால வருது, அரப்பு போட்டுக் குளி" என்று ஆத்தா பல வருஷம் என்னைத் துரத்தியது. அரப்பு தலைக்கு நல்லதுதான், குளுகுளுவென்று இருக்கும். நரைக்கு அது ஒன்றும் செய்யாது.

குடும்பத்தில் யாருக்கும் இல்லை, எனக்கு மட்டும் என்றால் உடம்பைக் கட்டாயம் பார்க்க வேண்டும். அதில் முதலிடம் பி12க்கு.

பி12 செடிகொடியில் கிடையாது. பால், தயிர், முட்டை, மீன், கறி இவற்றில்தான் இருக்கிறது. அதனால் சைவக் குடும்பத்துப் பிள்ளைகளுக்கு இது குறைவது சகஜம். எங்கள் பக்கத்தில் இன்னொன்றும் பார்க்கிறேன்: தொழுவத்தில் மாடு நிற்கும், கறக்கிற பாலெல்லாம் சொசைட்டிக்குப் போய்விடும், வீட்டுக்கு டீ போடுகிற அளவுக்குத்தான் மிஞ்சும். விடுதிக்குப் போன பிள்ளைக்கு அதுவும் இல்லை. பெரும்பாலான லேப்களில் ஒரு மில்லிலிட்டருக்கு 200 பைக்கோகிராமுக்குக் கீழே போனால் குறைபாடு என்று குறிப்பார்கள். புரட்டாசி விரதம் இருந்ததால் குறைந்துவிட்டதா என்று சிலர் கேட்பார்கள். அப்படி நடக்காது, ஈரலில் இருக்கிற சேமிப்பு வருஷக்கணக்கில் தாங்கும். குறைகிறது என்றால் பல வருஷமாகக் குறைந்துகொண்டு வந்திருக்கிறது என்று அர்த்தம். நீண்ட நாள் கேஸ் மாத்திரை போடுகிறவர்களுக்கும், சர்க்கரைக்கு மெட்ஃபார்மின் சாப்பிடுகிறவர்களுக்கும் குறையும். சிலருக்கு, சாப்பிட்ட பி12ஐ உறிஞ்ச உதவுகிற புரதமே இரைப்பையில் சுரக்காது. அவர்கள் முட்டையும் பாலும் எவ்வளவு சாப்பிட்டாலும் ஏறாது, ஊசிதான் போடச் சொல்வார்கள்.

பி12 நன்றாகக் குறைந்தவரின் ரத்தத்தை ஸ்லைடில் தேய்த்து மைக்ராஸ்கோப்பில் பார்த்தால் தெரிந்துவிடும். சிவப்பணுக்கள் வழக்கத்தைவிடப் பெரிதாக, கொஞ்சம் முட்டை வடிவத்தில் கிடக்கும். நியூட்ரோஃபில் என்கிற வெள்ளையணுவின் கரு சாதாரணமாக மூன்று நான்கு மடலாகப் பிரிந்திருக்கும்; இவர்களுக்கு ஆறு, சில சமயம் அதற்கும் மேல். அதைப் பார்த்தால் பி12 ரிப்போர்ட் வருவதற்கு முன்னாலேயே ஊகித்துவிடுவேன். ஒரு சிக்கல் உண்டு. இரும்புச் சத்துக் குறைந்தால் சிவப்பணு சிறுக்கும், பி12 குறைந்தால் பெருக்கும். இரண்டும் சேர்ந்து குறைந்த பெண்பிள்ளைகளுக்கு மெஷின் போடுகிற சராசரி அளவு நடுவில் வந்து நின்று, எல்லாம் சரியாக இருப்பது போலக் காட்டும். அதனால் "ரத்தக் கணக்கு நார்மல்னு வந்துருச்சுங்க" என்று பி12ஐப் பார்க்காமல் விட்டுவிடக் கூடாது. நரையைவிட முக்கியமாக, பாதம் மரத்துப்போகிறதா, ஊசி குத்துவது போல இருக்கிறதா, நாக்கு வழவழவென்று சிவந்து எரிகிறதா என்று கவனியுங்கள். அப்படி இருந்தால் தள்ளிப்போடாமல் டாக்டரைப் பாருங்கள், நரம்பு விஷயம்.

தைராய்டு குறைந்தாலும் கூடினாலும் நரையோடு சம்பந்தம் உண்டு. டிஎஸ்ஹெச் டெஸ்ட் அதற்குத்தான். ஃபெரிட்டின் இரும்புச் சேமிப்பைக் காட்டும்; ஹீமோகுளோபின் சரியாக இருந்தும் ஃபெரிட்டின் அடிமட்டத்தில் இருப்பவர்கள் நிறையப் பேர். சாப்பிட்ட கையோடு டீ குடிக்கிற பழக்கம் இரும்பு ஏறுவதைத் தடுக்கும். கீரையோ கம்பஞ்சோறோ சாப்பிடும்போது கூடவே ஒரு நெல்லிக்காய் கடித்தால் நன்றாக ஏறும். நெல்லிக்காய்க்கு நான் தருகிற மதிப்பு இதற்குத்தான்.

லேபில் இருந்து ஒரு விஷயம் அவசியம் சொல்ல வேண்டும். "முடி மாத்திரை" என்று மெடிக்கலில் விற்கிற பலவற்றில் பயோட்டின் அதிக அளவில் இருக்கிறது. அது நரையைக் கறுக்க வைக்காது. ஆனால் சில வகை மெஷின்களில் தைராய்டு டெஸ்டையே குழப்பிவிடும்: டிஎஸ்ஹெச்சைக் குறைத்தும் டி4 என்ற தைராய்டு ஹார்மோனைக் கூட்டியும் காட்டி, இல்லாத தைராய்டு நோயை இருப்பது போல ஆக்கிவிடும். அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு 2017இலேயே இதைப் பற்றி எச்சரித்தது. மாத்திரை சாப்பிடுகிறீர்கள் என்றால் ரத்தம் கொடுக்கும் முன்பே சொல்லிவிடுங்கள். எத்தனை நாள் நிறுத்த வேண்டும் என்று டாக்டர் சொல்வார்.

டென்ஷன் விஷயத்தில் மட்டும் நம் பெரியவர்கள் சொன்னதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது. 2020இல் ஹார்வர்டு ஆய்வாளர்கள் எலிகளில் காட்டினார்கள்: கடும் அழுத்தத்தின்போது நரம்பு முனைகளில் இருந்து பாய்கிற நாரட்ரினலின் என்ற ரசாயனம், நிறமிச் செல்களுக்கு மூலமான ஸ்டெம் செல்களைத் தாறுமாறாகக் கிளப்பி, சேமிப்பையே தீர்த்துவிடுகிறது. தீர்ந்தால் தீர்ந்ததுதான். ஆனால் அடுத்த வருஷம் கொலம்பியா பல்கலைக்கழகத்தில் 14 மனிதர்களின் முடியை நுணுகிப் பார்த்தபோது வேறொன்று தெரிந்தது. முடி மாதம் சுமார் ஒரு சென்டிமீட்டர் வளர்கிறது, அதனால் ஒவ்வொரு முடியும் நடந்ததை நீளவாக்கில் பதிந்து வைத்திருக்கிறது. அவர்களில் ஒருவருக்கு விடுமுறையில் போயிருந்த காலத்தில் ஐந்து முடிகள் நுனியில் வெள்ளையாகவும் அடியில் கறுப்பாகவும் திரும்பியிருந்தன. ஐந்து முடி. தலையில் சுமார் ஒரு லட்சம் முடி. செமஸ்டர் முடிந்தால் தலை கறுத்துவிடும் என்று எண்ணாதீர்கள் என்பதற்காகச் சொல்கிறேன். ராத்திரி ஷிஃப்டில் தூக்கத்தை விரட்ட சிகரெட் பிடிக்கிற தம்பிகளுக்கு, புகைக்கும் பழக்கத்துக்கும் இளநரைக்கும் தொடர்பு பல ஆய்வுகளில் வந்திருக்கிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

ஒரே இடத்தில் கொத்தாக வெளுத்தாலோ, அந்த இடத்துத் தோலும் வெளுத்தாலோ அது வேறு கதை. வெண்புள்ளியாக இருக்கலாம், தோல் டாக்டரிடம் போங்கள்.

எண்ணெய்க்கு வருகிறேன். காங்கேயத்தில் கொப்பரைக் களத்துக்குப் பக்கத்தில் வளர்ந்தவள் தேங்காய் எண்ணெயைக் குறை சொல்ல மாட்டேன். அது முடிக்குள்ளேயே கொஞ்சம் இறங்கி, புரதம் கரைந்து போகாமல் காக்கிறது. உங்கள் உப்புத் தண்ணிக்கு அதுதான் சரியான துணை. ஆனால் அதில் கரிசலாங்கண்ணியைக் காய்ச்சினாலும், காரமடையில் இருந்து ஒரு கட்டுக் கறிவேப்பிலை வாங்கி அரைத்து ஊற்றினாலும், ஓய்ந்த மெலனோசைட்டை எழுப்பியதாக நம்பும்படியான சான்று கிடையாது. தேய்த்தவுடன் கொஞ்சம் கறுப்பாகத் தெரிவது எண்ணெயின் பூச்சு. "30 நாளில் வேரிலிருந்து கறுப்பு" என்று வீடியோ போடுகிறவர்களிடம் ஒன்றைக் கேளுங்கள்: 30 நாளில் வளர்கிற அந்த ஒரு சென்டிமீட்டர் வேர்ப்பக்கம் கறுத்து, மேலே வெள்ளையாக இருக்கிற முடி ஒன்றையாவது காட்டச் சொல்லுங்கள். முழு முடியும் ஒரேயடியாகக் கறுத்திருந்தால் அது சாயம்.

திரும்பக் கறுக்குமா என்றால், பி12 அல்லது தைராய்டுதான் காரணம் என்று தெரிந்து, அதைச் சரிசெய்த சிலருக்குக் கறுத்திருக்கிறது. மாதக்கணக்கில் ஆகும், வேரிலிருந்துதான் வரும், எல்லோருக்கும் வராது. குடும்ப வழி என்றால் வராது. ஒன்றைப் பிடுங்கினால் ஒன்பது வரும் என்பது பொய். ஆனாலும் பிடுங்காதீர்கள், அடிக்கடி பிடுங்கினால் வேர்க்கால் கெட்டு அந்த இடம் வெறுமையாகலாம்; கத்தரித்து விடுங்கள்.

மறைக்க வேண்டும் என்றால் டை போடுவதில் தப்பில்லை. கறுப்பு டையில் பெரும்பாலும் பிபிடி என்ற ரசாயனம் இருக்கும், சிலருக்கு முகம் கண்ணெல்லாம் வீங்கிவிடும். முதல் தடவை காதுக்குப் பின்னால் துளி தடவி 48 மணி நேரம் பாருங்கள். முன்பு ஒத்துக்கொண்டவருக்கும் பிறகு ஒரு நாள் ஒத்துக்கொள்ளாமல் போகலாம். "கறுப்பு மருதாணி" என்று பாக்கெட்டில் வருவதும் பெரும்பாலும் இதேதான். நிஜ மருதாணி சிவக்குமே தவிரக் கறுக்காது. நான் மருதாணி போட்டு அலசிவிட்டு, அதன் மேல் அவுரி இலைப் பொடி போடுகிறேன். நன்றாகக் கறுக்கிறது. ஒரு ஞாயிற்றுக்கிழமை முழுசாகப் போய்விடும், பாத்ரூம் தரையெல்லாம் நீலமாகி அம்மாவிடம் திட்டும் கிடைக்கும். விடுதியில் இது சரிப்படாது, லீவில் ஊருக்கு வரும்போது போட்டுக்கொள்ளுங்கள்.