காசு கொடுத்தால் சோர்ஸ் கோடும் அவர்களுக்குச் சொந்தமா?

கேள்வி: நான் கோவையில் தனியாக சாஃப்ட்வேர் எழுதிக் கொடுக்கிறேன். 2023 முதல் உத்யம் பதிவு (குறு, சிறு, நடுத்தரத் தொழில்களுக்கான அரசுப் பதிவு) உண்டு. மின் பேனல்களில் சூடேறும் இணைப்புகளைக் கண்டுபிடிக்கும் தெர்மல் கேமராவுக்காக, ஒரு நிறுவனத்துக்கு 6 லட்சம் ரூபாய்க்கு சாஃப்ட்வேர் செய்தேன். ஒப்பந்தப் பத்திரம் கிடையாது; 2024-இல் வந்த பர்ச்சேஸ் ஆர்டரும் இமெயில்களும்தான். அட்வான்ஸ் 2.4 லட்சம் வந்தது. இன்ஸ்டாலரை ஒப்படைத்து நான்கு மாதம் கழித்து, ‘வெப்பநிலை குறைவாகக் காட்டுகிறது’ என்று போனில் சொல்லி மீதியை நிறுத்திவிட்டார்கள். சோர்ஸ் கோடு (சாஃப்ட்வேரின் மூல நிரல்) முழுவதையும் கேட்கிறார்கள். ‘உருவாகும் அனைத்தும் எங்களுக்கே’ என்று ஆர்டரில் ஒரு வரி இருக்கிறது. துபாய் வாடிக்கையாளருக்காகக் கேமராவின் 9 ஹெர்ட்ஸ் வரம்பை (நொடிக்கு 9 படம் என்ற உச்ச வேகத்தை) நீக்கித் தரவும் சொல்கிறார்கள். நான் சாஃப்ட்வேரை இங்கிருந்தே முடக்கிவிடலாமா?

பதில்: முடக்காதீர்கள். அவர்களுடைய கணினியில் ஓடுவதை அனுமதியில்லாமல் நிறுத்தினால் தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000-இன் 43, 66 பிரிவுகளைக் காட்டி உங்கள் மீதே புகார் கொடுப்பார்கள். பணம் வர வேண்டிய நீங்கள் குற்றவழக்கில் பதில் சொல்லிக்கொண்டு நிற்க நேரும். பணம் கட்டாவிட்டால் லைசென்ஸ் கீ காலாவதியாகும் என்று முன்கூட்டியே எழுதி ஒப்புக்கொண்டிருந்தால் கதை வேறு.

சோர்ஸ் கோடு விஷயத்தில் சட்டம் உங்கள் பக்கம் வலுவாகவே இருக்கிறது. பதிப்புரிமைச் சட்டம் 1957-இன் 17(சி) பிரிவு, வேலைக்காரர் பணியின்போது எழுதியதை முதலாளிக்குக் கொடுக்கிறது. நீங்கள் ஊழியர் அல்ல. உங்கள் பெயரில் பிடிக்கப்பட்ட வரியைக் காட்டும் 26ஏஎஸ் படிவத்தை எடுத்துப் பாருங்கள்: அட்வான்ஸில் பிடித்த டிடிஎஸ் வருமான வரிச் சட்டம் 1961-இல் சம்பளத்துக்கான 192-ஆம் பிரிவில் இல்லாமல், தொழில்முறைக் கட்டணத்துக்கான 194ஜே-இல் பதிவாகியிருந்தால், உங்களை ஊழியராகக் கருதவில்லை என்பதற்கு அவர்களே கொடுத்த சான்று அது.

ஆர்டரில் உள்ள அந்த ஒரு வரியைக் கண்டு பயப்பட வேண்டாம். அதே பதிப்புரிமைச் சட்டத்தின் 19(1)-இன்படி உரிமை மாற்றம் எழுத்தில் இருக்க வேண்டும், உரிமையை விட்டுக்கொடுப்பவர் கையெழுத்திட வேண்டும். பர்ச்சேஸ் ஆர்டரில் வாங்குபவரின் கையெழுத்து மட்டுமே இருப்பதுதான் வழக்கம். உங்கள் பிரதியை எடுத்துப் பாருங்கள். ‘ஏற்றுக்கொண்டேன்’ என்று கையெழுத்திட்டுத் திருப்பி அனுப்பியிருந்தால் உடனே ஒரு வழக்கறிஞரிடம் காட்டுங்கள். அப்படி இல்லையென்றால், சாஃப்ட்வேரைப் பயன்படுத்த நீங்கள் அனுமதி கொடுத்ததாக நீதிமன்றம் கருதலாமே தவிர, பதிப்புரிமை கைமாறியதாகச் சொல்வது கடினம்.

சோர்ஸ் கோடைக் கொடுத்து முடித்துக்கொள்ள விரும்பினால், மீதிப் பணமும் கூடுதல் தொகையும் வந்த பிறகு தனிப் பத்திரம் போடுங்கள். எந்த கோடு என்பதை கமிட் ஹேஷோடு (கோடின் அந்தப் பதிப்பைக் குறிக்கும் அடையாள எண்) எழுதுங்கள். காலத்தை எழுதாவிட்டால் 5 ஆண்டு என்றும், எல்லையை எழுதாவிட்டால் இந்தியா மட்டும் என்றும் 19-ஆம் பிரிவு வைத்துக்கொள்ளும். பின்னாளில் பெரும் சண்டை இந்த இரண்டு விடுபட்ட வரிகளில்தான் முளைக்கிறது. முன்பே நீங்கள் எழுதிவைத்திருந்த பொது லைப்ரரிகளை உரிமை மாற்றத்தில் சேர்க்காமல், பயன்படுத்தும் அனுமதி மட்டும் கொடுங்கள். கேமரா தயாரிப்பாளரின் எஸ்டிகே (கேமராவுக்கு சாஃப்ட்வேர் எழுத அவர் தரும் நிரல் தொகுப்பு) உங்களுடையது அல்ல. அதன் லைசென்ஸில் மறுவிநியோகம் பற்றி என்ன இருக்கிறதோ அதற்கு மேல் எதையும் வாக்குக் கொடுக்காதீர்கள்.

‘குறைவாகக் காட்டுகிறது’ என்ற புகாரைச் சும்மா மறுக்காமல் சோதித்துக் காட்டுங்கள். பளபளக்கும் செம்பு பஸ்பாரின் (பேனலுக்குள் மின்சாரத்தைக் கடத்தும் பட்டை) எமிஸிவிட்டி, அதாவது வெப்பக் கதிரை வெளிவிடும் திறன், 0.1-க்கும் கீழே. செட்டிங் 0.95-இல் இருந்தால் கேமரா காண்பது பெரும்பாலும் சுற்றுப்புறத்தின் பிரதிபலிப்பைத்தான். சூடான பஸ்பார் குளிர்ந்ததாகத் தெரியும். உரிமம் பெற்ற எலெக்ட்ரீஷியனைக் கொண்டு மின்சாரத்தைத் துண்டித்து, பஸ்பாரில் கறுப்பு இன்சுலேஷன் டேப் ஒட்டச் சொல்லுங்கள். லோடு கொடுத்து வெப்பநிலை நிலைத்த பிறகு, டேப்பையும் வெறும் செம்பையும் ஒரே படத்தில் எடுங்கள். டேப்பின் மேல் அளவு சரியாக வந்தால் கோளாறு உங்கள் சாஃப்ட்வேரில் இல்லை, அவர்கள் வைத்த செட்டிங்கில். இத்தகைய கேமராக்கள் பலவற்றுக்குத் தயாரிப்பாளரே கூறும் துல்லியம் கூட்டிக் கழித்து 2 டிகிரி அல்லது 2 சதவீதம். அதற்கு மேல் உங்களிடம் கேட்க முடியாது. இரு தரப்பும் கையெழுத்திட்ட சோதனை அறிக்கை வைத்துக்கொள்ளுங்கள்.

அதைவிட முக்கியமானது, அந்தப் புகார் வந்த நேரம். குறு, சிறு, நடுத்தரத் தொழில் சட்டம் 2006-இன்படி, சேவை முடிந்த 15 நாளுக்குள் எழுத்தில் ஆட்சேபம் வராவிட்டால் ஏற்றுக்கொண்டதாகவே அர்த்தம். நான்கு மாதம் கழித்துப் போனில் சொன்னது அதில் சேராது. உடன்பாடு இருந்தாலும் தவணை 45 நாளைத் தாண்டக் கூடாது. தாண்டினால் ரிசர்வ் வங்கியின் பேங்க் ரேட்டைப்போல மூன்று மடங்கு வட்டி, மாதாமாதம் கூட்டு வட்டியாக ஏறும். 3.6 லட்சத்துக்கும் வட்டிக்கும் கணக்குப் போட்டு, பதிவு வசதியுடன் ஸ்பீடு போஸ்ட்டில் நோட்டீஸ் அனுப்புங்கள். பதில் இல்லையென்றால் 18-ஆம் பிரிவின்கீழ், இத்தகைய பாக்கித் தகராறுகளைத் தீர்க்கும் வசதி மன்றத்தில் மனு போடலாம். முதலில் சமரசப் பேச்சு, படியாவிட்டால் நடுவர் தீர்ப்பு. அந்தத் தீர்ப்பை எதிர்க்க அவர்கள் தீர்ப்புத் தொகையில் 75 சதவீதத்தைக் கட்டியாக வேண்டும். சிறு தொழில்முனைவோருக்குச் சட்டம் கொடுத்த மிக நல்ல ஆயுதம் இது. ஆர்டருக்கு முன்பே உத்யம் பதிவு செய்திருப்பதால் உங்களுக்குத் தடையில்லை.

இமெயில்களை ஸ்கிரீன்ஷாட்டாக மட்டும் வைக்காமல் மூலக் கோப்பாக இறக்குங்கள். புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாட்சிய அதிநியத்தின் 63-ஆம் பிரிவுச் சான்றிதழில் ஹேஷ் மதிப்பும் (கோப்பு மாறவில்லை என்று காட்டும் எண்) கேட்பார்கள்.

9 ஹெர்ட்ஸ் வேலையை இப்போது செய்யவே செய்யாதீர்கள். குறைந்த வேகக் கேமராக்களுக்கு ஏற்றுமதிக் கட்டுப்பாட்டில் கிடைக்கும் விலக்கு அந்த வரம்பை நம்பித்தான் இருக்கிறது. ஆயுதங்கள், ராணுவத்துக்கும் பயன்படக்கூடிய பொருள்கள் ஆகியவற்றின் ஏற்றுமதியைக் கட்டுப்படுத்தும் பன்னாட்டு உடன்பாடான வாஸனார் ஏற்பாட்டில் இந்தியா 2017 டிசம்பரில் சேர்ந்தது. அதன் பட்டியலைப் பின்பற்றும் நமது ஸ்காமெட் (ஏற்றுமதிக் கட்டுப்பாட்டுப் பொருள்கள்) பட்டியலின் 8-ஆம் பிரிவில், கேமரா மட்டுமல்ல, வேக வரம்பை நீக்குவதற்காக எழுதப்படும் சாஃப்ட்வேரும் கட்டுப்பாட்டுக்குள் வருகிறது. பெட்டியில் அனுப்பினாலும் இமெயிலில் அனுப்பினாலும் ஏற்றுமதிதான். வெளிநாட்டு வர்த்தகத் தலைமை இயக்குநரகத்தின் அனுமதிக் கடிதத்தையும், கேமரா தயாரிப்பாளரின் எழுத்துச் சம்மதத்தையும் காட்டினால் பரிசீலிக்கிறேன் என்று இன்றே இமெயிலில் பதில் எழுதிவிடுங்கள்.