ஒரே கேள்வியில் இரண்டு ‘வெறும்’

கேள்வி: பழைய வீடியோ ஒன்று பார்த்தேன். 1983-ல் ஹவாய் கோல்ஃப் போட்டியில் ஜப்பானின் இசாவோ அவோகி தூரத்தில் இருந்து அடித்த பந்து நேராகக் குழிக்குள் போய் விழுகிறது, கோப்பை அவருக்கு. இவர் ஆரம்பத்தில் வெறும் கேடியாக இருந்தவராம். அந்த ஒரு அடியை வைத்துத்தானே இவ்வளவு பெயர்? அது வெறும் அதிர்ஷ்டம்தானே? (விருதுநகர் வாசகர்)

பதில்: கேடியையும் அதிர்ஷ்டத்தையும் அப்புறம் பார்ப்போம். முதலில் அந்த ‘வெறும்’.

வெறும் வயிற்றில் மாத்திரை போடாதே, வெறும் காலோடு வெயிலில் போகாதே, வெறும் சோற்றை முழுங்காதே, ஒரு கரண்டி மோராவது ஊற்றிக்கொள். வீட்டில் அம்மா சொல்லும்போது எவ்வளவு அக்கறையான சொல் இது! அதையே ஒரு மனிதனின் பிழைப்புக்கு முன்னால் கொண்டுபோய் வைத்தால் கத்தி ஆகிவிடுகிறது. வெறும் டிரைவர். வெறும் கிளார்க். வெறும் இல்லத்தரசி. இந்த மேசைக்கு வரும் கட்டுரைகளில் பதினைந்து வருடமாக இதை அடித்துக்கொண்டே இருக்கிறேன். பழைய சக ஆசிரியர் ஒருவரோடு இதற்காகவே இரண்டு மாதம் பேசாமல் இருந்தேன். ‘வெறும் கூலித்தொழிலாளியின் மகள் மாநிலத்தில் முதலிடம்’ என்று தலைப்பு வைத்தவர் அவர். ‘கூலித்தொழிலாளியின் மகள்’ போதாதா என்று கேட்டேன். “வெறும் இருந்தால்தான் சார் உருக்கமாக இருக்கும்” என்றார். அந்த அப்பா மறுநாள் அந்தப் பேப்பரைக் கையில் வாங்கிப் பார்த்திருப்பாரே, அவருக்கு எப்படி இருந்திருக்கும்? இன்றுவரை எனக்கு அந்தக் கோபம் ஆறவில்லை.

சரி, கேடி. நம் ஊரில் இந்தச் சொல்லுக்குக் கெட்ட பெயர் உண்டு. காவல் நிலையப் பதிவேட்டில் பழைய குற்றவாளிகளைக் குறித்த கே.டி. என்ற இரண்டெழுத்துதான் தெருவுக்கு வந்து கேடி ஆனது. கோல்ஃப் மைதானத்தில் பை தூக்குகிறவரின் கேடி வேறு. இரண்டுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. ஒருமுறை கோல்ஃப் கட்டுரை ஒன்றில் ‘கேடியாக வாழ்க்கையைத் தொடங்கியவர்’ என்று நான் எழுத, எங்கள் பிழை திருத்துநர் வாசகருக்குப் புரியட்டும் என்று ‘போக்கிரியாக வாழ்க்கையைத் தொடங்கியவர்’ என்று மாற்றிவிட்டார். அச்சுக்குப் போக அரை மணி நேரம் இருக்கும்போது கண்ணில் பட்டது. அன்று நான் ஓடிய ஓட்டத்தை அலுவலகத்தில் இன்னும் சொல்லிச் சிரிப்பார்கள்.

அந்த வேலை என்ன என்று பாருங்கள். ஒரு ஆட்டக்காரர் 14 மட்டைகள் வரை வைத்துக்கொள்ளலாம். அந்தப் பையைத் தோளில் போட்டுக்கொண்டு 18 குழியும் நடக்க வேண்டும். பந்து எங்கே விழுந்தது, புல் எந்தப் பக்கம் சாய்கிறது, இன்று காற்று எப்படி, குழியை ஒட்டிய தரை எங்கே சரிகிறது என்று எல்லாம் பார்த்து வைக்க வேண்டும். கோல்ஃபை நம்மவர்கள் பணக்காரர் ஆட்டம் என்று ஒதுக்குவதை நான் ஏற்காததற்குக் காரணமே இவர்கள்தான். பணம் கட்டி விளையாடுகிறவர் வாரத்துக்கு ஒரு நாள் வருவார். மைதானத்தைத் தினமும் காலால் அளக்கிறவர் கேடி. 1991-ல் இந்தியன் ஓப்பனை ஜெயித்த முதல் இந்தியத் தொழில்முறை ஆட்டக்காரர் அலி ஷேர், டெல்லி கோல்ஃப் கிளப்பில் கேடியாக இருந்தவர். 2009-ல் அதே பட்டத்தை வாங்கிய பெங்களூர் முனியப்பாவும் கேடியாக இருந்தவர்தான்.

ஜப்பானுக்கே வருகிறேன். 2021-ல் ஹிடெகி மட்சுயாமா மாஸ்டர்ஸ் பட்டம் ஜெயித்தார். கோல்ஃபின் மிகப் பெரிய போட்டிகளை மேஜர் என்பார்கள்; ஆண்களில் அந்த மேஜர் பட்டம் பெற்ற முதல் ஜப்பானியர். உலகமே அவரைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில், அவருடைய கேடி ஷோட்டா ஹயாஃபுஜி கொடிக்கம்பைத் திரும்பக் கொண்டுபோய் 18-ஆவது குழியில் நட்டார். பிறகு தொப்பியைக் கழற்றி, மைதானத்தைப் பார்த்துக் குனிந்து வணங்கினார். ஒரு நொடி, அவ்வளவுதான். எனக்கு அந்தப் போட்டியில் மனதில் நிற்கும் காட்சி அதுதான். இதற்கு முன்னால் ‘வெறும்’ போட உங்களுக்கு மனசு வருமா?

இப்போது அவோகி. 1942-ல் சீபா மாகாணத்தின் அபிகோவில் பிறந்தவர். பள்ளிக்கூட நாட்களிலேயே அபிகோ கோல்ஃப் கிளப்பில் பை தூக்கினார். தொழில்முறை ஆட்டக்காரர் ஆனது 1964-ல், முதல் பட்டம் வந்தது 1971-ல். நடுவே ஏழு வருடம். அப்புறம் பிடித்தார் ஒரு பிடி. ஜப்பானில் பரிசுப் பணப் பட்டியலில் ஐந்து முறை முதலிடம், அதில் 1978 முதல் 1981 வரை தொடர்ந்து நான்கு வருடம். உள்ளூரில் ஜம்போ ஒசாகிதான் ராஜா, 94 பட்டம். அவோகிக்கு 51. ஆனாலும் ஜப்பானியர் ‘உலகத்தின் அவோகி’ என்று கூப்பிட்டது இவரைத்தான். 1978-லேயே இங்கிலாந்தின் வென்ட்வொர்த்துக்குப் போய் இருவர் இருவராக நேருக்கு நேர் மோதும் உலக மேட்ச் பிளே பட்டத்தைத் தூக்கிக்கொண்டு வந்தார். நீங்கள் சொல்லும் அந்த அடிக்கு ஐந்து வருடம் முந்தைய கதை இது.

அவர் பட் அடிப்பதை, அதாவது குழிக்குப் பக்கத்தில் பந்தை உருட்டிவிடுவதை, ஒருமுறை பாருங்கள். எந்தப் பயிற்சியாளரும் அப்படிச் சொல்லிக்கொடுக்க மாட்டார். ஆள் ஆறடி உயரம். முதுகை வளைத்துக் கைகளை முழங்காலுக்குப் பக்கத்தில் இறக்கி வைத்துக்கொள்வார். மட்டையின் அடிப்பாகம் தரையில் படியாது. குதிகால் பக்கம் மட்டும் புல்லைத் தொட்டுக்கொண்டிருக்கும், நுனி வானத்தைப் பார்த்து நிற்கும். அடியில் உங்கள் விரலை நுழைக்கலாம். பிறகு மணிக்கட்டால் ஒரு சின்னத் தட்டு. பந்து உருண்டு போய்க் குழியில் விழும். திருத்தச் சொன்னவர்கள் எத்தனையோ பேர் இருந்திருப்பார்கள். அவர் கடைசிவரை மாற்றவில்லை.

1980 அமெரிக்க ஓப்பன். நியூ ஜெர்சியில் பால்டஸ்ரால் மைதானம். நான்கு நாளும் அவோகியோடு சேர்ந்து மைதானத்தைச் சுற்றிய எதிராளி, அமெரிக்கர் ஜாக் நிக்லஸ். கோல்ஃபில் குறைவான அடிகளில் முடிப்பவருக்குத்தான் வெற்றி. முதல் நாளே நிக்லஸ் 18 குழியையும் 63 அடியில் முடித்தார். கடைசிக் குழியில் ஒரு சின்ன பட் தவறாமல் இருந்தால் 62. பக்கத்தில் ஒருவர் அப்படி ஆடினால் நமக்குக் கை நடுங்கும். அவோகி 68 போட்டார். மறுநாள் 68. அதற்கு மறுநாளும் 68. மூன்று நாள் முடிவில் இருவரும் 204 என்று சமமாக நின்றார்கள். கூட்டம் முழுக்க நிக்லஸ் பக்கம். நாற்பது வயதில் அவர் மீண்டு வருகிறார் என்று ஊரே கொண்டாடிக்கொண்டிருந்தது. கடைசி நாளில் நிக்லஸ் 68, அவோகி 70. இரண்டு அடியில் பட்டம் போனது.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. அந்தப் போட்டியில் அதுவரை யாருமே நான்கு நாளும் சேர்த்து 275 அடிக்குக் கீழே முடித்ததில்லை. அந்த 275-கூட 1967-ல் இதே மைதானத்தில் நிக்லஸ் போட்டதுதான். 1980-ல் நிக்லஸ் 272, அவோகி 274. அதாவது, அதுவரை அமெரிக்க ஓப்பனை ஜெயித்த அத்தனை பேரையும்விடக் குறைவாக அடித்துவிட்டு இரண்டாவதாக வந்த மனிதர் இவர். இதை ‘தோல்வி’ என்று ஒரே சொல்லில் முடித்துவிடும் விளையாட்டுப் பக்கங்களோடு எனக்குத் தீராத சண்டை. அதைவிட முக்கியம், அன்று அவருக்கு நடந்ததை நீங்கள் யாரும் துரதிர்ஷ்டம் என்று எழுதிக் கேட்டதில்லை. ஜெயித்ததை மட்டும் அதிர்ஷ்டம் என்கிறீர்கள்.

அடுத்த மாதமே மியூர்ஃபீல்டில் நடந்த பிரிட்டிஷ் ஓப்பனில் ஒரு சுற்றை 63-ல் முடித்தார். இதையும் அந்த வீடியோவில் காட்டியிருக்க மாட்டார்கள்.

சரி, ஹவாய். 1983 பிப்ரவரி, ஹானலூலுவில் வைலே மைதானம், கடைசிக் குழி. ஐந்து அடியில் முடிக்க வேண்டிய குழி அது. ஜாக் ரென்னர் ஆட்டத்தை முடித்துவிட்டு ஒரு அடி முன்னிலையில் காத்திருக்கிறார். அவோகி நான்கில் முடித்தால் சமம், ஐந்து என்றால் அவ்வளவுதான். பந்தோ நீளப் புல்லுக்குள் கிடக்கிறது. குழிக்கு 128 கஜம். கையில் பந்தை உயரத் தூக்கிவிடும் பிச்சிங் வெட்ஜ் மட்டை. அடித்தார். பந்து எழுந்து போய் விழுந்து, குதித்து, உள்ளே போனது. மூன்றே அடி. அமெரிக்காவின் பிஜிஏ டூர் என்ற தொழில்முறைப் போட்டித் தொடரில் ஒரு ஜப்பானியர் வாங்கிய முதல் பட்டம். கையைத் தூக்கிக்கொண்டு அந்த நெட்டை மனிதர் துள்ளியதை நீங்களே பார்த்திருப்பீர்கள்.

அந்தப் பந்து குழிக்குள் போனதில் அதிர்ஷ்டம் இருக்கிறது. ஒத்துக்கொள்கிறேன். 128 கஜத்தில் இருந்து உள்ளேயே போடுகிறேன் என்று யாரும் சவால் விட முடியாது. ஆனால் நீளப் புல்லில் மாட்டிய பந்தைக் கொடிக்குப் பக்கத்தில் கொண்டுபோய் விடுவது தேர்ந்த கை. கடைசி நாளில், கடைசிக் குழியில், ஒரே ஒரு அடி பின்னால் நிற்கிற இடத்துக்கு வந்ததும் அதிர்ஷ்டம் இல்லை. நான்கு நாளில் அதற்கு முந்தைய 71 குழிகளைச் சரியாக ஆடியவர்தான் அங்கே நிற்க முடியும். அதே வருடம் இங்கிலாந்தின் சன்னிங்டேலில் ஐரோப்பிய ஓப்பன், சொந்த நாட்டில் ஜப்பான் ஓப்பன், இரண்டையும் ஜெயித்தார். 1989-ல் ஆஸ்திரேலியாவில் ஒன்று. ஐம்பது வயதுக்குப் பிறகு அமெரிக்க மூத்தோர் போட்டித் தொடரில் ஒன்பது. 1997-ல் அங்கே ஒரு சுற்றை 60-ல் முடித்தார். 2004-ல் உலக கோல்ஃப் புகழரங்கில் அவர் பெயர் ஏறியது. 2016-ல் ஜப்பான் கோல்ஃப் டூர் அமைப்புக்கே தலைவர் ஆனார்.

அதிர்ஷ்டம் பற்றிக் கேட்கவேண்டிய ஆள் ஒருவர் இருக்கிறார் என்றால் அது ரென்னர்தான். ஆட்டம் முடிந்தது, மிஞ்சிப் போனால் சமநிலையை முறிக்கும் கூடுதல் ஆட்டமான பிளே ஆஃப் என்று நம்பி உட்கார்ந்திருந்தவருக்கு அந்த ஆரவாரம் எப்படிக் கேட்டிருக்கும்! அவர் மறுவருடமும் வந்தார். 1984, அதே வைலே மைதானம். இந்த முறை பிளே ஆஃப் நடந்தது. ரென்னர் ஜெயித்தார். அந்த வீடியோவையும் தேடிப் பாருங்கள்.